மகனின் மரபணு அறிக்கையில் ‘குறைபாடு’ என்று வந்திருக்கிறது, தடுப்பூசி போடலாமா?

கொங்குப் பகுதியிலிருந்து 33 வயது வாசகி ஒருவர் எட்டுப் பக்கங்களில் கடிதம் எழுதியிருக்கிறார். அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை நீக்கிவிட்டு அதன் சாரத்தை மட்டும் இங்கே தருகிறேன்.

அவருடைய மகனுக்கு 11 வயது. சென்ற ஐப்பசியில் காய்ச்சலும் இருமலுமாகத் தொடங்கிய நோய், ஆறாம் நாள் மூச்சுத்திணறலாக மாறியிருக்கிறது. மருத்துவமனையில் இன்ஃப்ளூயன்சா (ஃப்ளூ) என்றும், அதைத் தொடர்ந்து வந்த நிமோனியா என்றும் சொல்லியிருக்கிறார்கள். நான்கு நாட்கள் தீவிர சிகிச்சைப் பிரிவில் இருந்து, பிறகு முழுமையாகத் தேறிவிட்டான். வெளியூரில் வேலை பார்க்கும் சித்தப்பா அக்கறையோடு ஒரு மரபணுப் பரிசோதனைப் பெட்டியை வாங்கி அனுப்ப, சிறுவனின் உமிழ்நீரை எடுத்து அனுப்பியிருக்கிறார்கள். ஆறு வாரங்களில் வந்த அறிக்கையில் ‘ஐஎஃப்ஐடிஎம்3 மரபணு, ஆர்எஸ்12252, ஜிஜி: கடுமையான இன்ஃப்ளூயன்சாவுக்கு உயர் அபாயம், வைரஸ் எதிர்ப்புக் குறைபாடு’ என்று சிவப்பு எழுத்தில் இருந்திருக்கிறது. இணையத்தில் தேடியபோது எல்லா இடத்திலும் ‘சிசி’ வகையே ஆபத்தானது என்று எழுதியிருக்க, தன் மகனுக்கு அதனினும் அரிதான வேறொரு கோளாறு இருக்கிறதோ என்று வாசகி கலங்கியிருக்கிறார்.

கணவர் அவருடைய சொந்த மாமன் மகன். ‘சொந்தத்தில் கட்டியதால்தான் இப்படி’ என்று வீட்டில் அத்தை பேச்செடுத்திருக்கிறார். எதிர்ப்புச் சக்தியே இல்லாத பிள்ளைக்குத் தடுப்பூசி போட்டால் அதனாலேயே நோய் வரும் என்று ஒருவர் சொல்கிறார். இன்டர்ஃபெரான் ஊசி மாதாமாதம் போடலாமே என்கிறார் இன்னொருவர். வாசகி இப்போது மூன்று மாதக் கர்ப்பிணி. கருவிலேயே இதைச் சோதித்துப் பார்க்க வேண்டுமா, ‘இருந்தால் என்ன செய்வது’ என்பது அவருடைய கடைசிக் கேள்வி. அந்த வரியை அவர் முடிக்கவில்லை.

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் மகனை நான் நேரில் பார்த்ததில்லை. ஆகவே நான் எழுதுவது உங்கள் குழந்தைகள் நல மருத்துவரின் சொல்லுக்கு மாற்றாகாது. ஆனால் ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்த அறிக்கை உங்கள் மகனுக்கு நோயெதிர்ப்புக் குறைபாடு இருப்பதாக நிறுவவில்லை. மிகப் பரவலான ஒரு மரபணு வேறுபாட்டை அது கண்டிருக்கிறது. அதற்குச் சூட்டிய பெயர்தான் பெரிது.

எழுத்துக் குழப்பத்தை முதலில் தீர்த்துவிடலாம். ஆர்எஸ்12252 என்பது அந்த மரபணுவில் ஓர் இடத்தின் அடையாள எண். தாயிடமிருந்து ஒன்று, தந்தையிடமிருந்து ஒன்று என நமக்கு அந்த மரபணுவின் இரு பிரதிகள் இருப்பதால் அந்த இடத்துக்கு இரண்டு எழுத்துகள். டிஎன்ஏ இரண்டு இழைகளால் ஆனது. ஓர் இழையில் ஜி இருக்குமிடத்தில் எதிர் இழையில் சி இருக்கும். ஐஎஃப்ஐடிஎம்3 மரபணு, 11ஆம் குரோமோசோமில், நிலையான வரிசையாகக் கொள்ளப்படும் இழைக்கு எதிர்ப்புறத்தில் எழுதப்பட்டிருக்கிறது. ஆராய்ச்சியாளர்கள் மரபணுவின் திசையில் படித்து ‘சிசி’ என்றார்கள். பரிசோதனை நிறுவனம் எதிர் இழையைப் படித்து ‘ஜிஜி’ என்று அச்சிட்டது. இரண்டும் ஒன்றே. உங்கள் மகனுக்கு அரிதினும் அரிதான கோளாறு ஒன்றும் இல்லை. இதை அறிக்கையின் ஓர் ஓரத்தில் ஒற்றை வரியாகச் சொல்லியிருந்தால் நீங்கள் பல இரவுகள் தூங்கியிருப்பீர்கள் என்பது எனக்கு வருத்தமாகத்தான் இருக்கிறது.

அந்தப் புரதம் என்ன செய்கிறது?

இன்ஃப்ளூயன்சா வைரஸ் செல்லின் வெளிச்சுவரை உடைத்துக்கொண்டு நுழைவதில்லை. அது செல்லின் மேற்பரப்பில் ஒட்டிக்கொள்கிறது. செல்லே அதை ஒரு சிறு சவ்வுப் பைக்குள் வைத்து விழுங்கிவிடுகிறது. எண்டோசோம் எனப்படும் அந்தப் பை உள்நோக்கி நகர நகர அதனுள் அமிலத்தன்மை ஏறும். அந்த அமிலமே வைரஸுக்குச் சைகை. வைரஸின் உறையும் பையின் சவ்வும் ஒன்றோடொன்று கலந்து ஒரு துளை திறக்க, அதன் வழியே வைரஸின் மரபுப்பொருள் செல்லுக்குள் இறங்குகிறது. நம் பழைய வீடுகளில் வாசலைத் தாண்டியதும் ரேழி, ரேழியைத் தாண்டினால்தான் கூடம் என்று இருக்குமே, அதைப்போல எண்டோசோமை ரேழி என்று வைத்துக்கொள்ளுங்கள். விழுங்கப்பட்ட வைரஸ் ரேழி வரை வந்துவிட்டதே தவிர இன்னும் வீட்டுக்குள் வரவில்லை.

ஐஎஃப்ஐடிஎம்3 காவல் நிற்பது அந்த இடைக்கதவில். 133 அமினோ அமிலங்களே கொண்ட இந்தச் சிறு புரதம் எண்டோசோமின் சவ்வில் பதிந்து கிடந்து, அந்தச் சவ்வு எளிதில் வளைந்து கலந்துவிடாதபடி செய்கிறது. வைரஸின் உறை பாதி கலந்த நிலையில் நின்றுபோகிறது, துளை திறப்பதில்லை. அகப்பட்டுக்கொண்ட வைரஸ் பையோடு சேர்ந்து, செல்லின் கழிவுகளைச் சிதைக்கும் பையான லைசோசோமுக்குப் போய்ச் செரிமானமாகிவிடுகிறது. ரேழிக்கு வராமல் வேறு வழியாக நுழையும் வைரஸ்களிடம் இந்தக் காவல் அவ்வளவாகப் பலிப்பதில்லை. லாசா காய்ச்சலை உண்டாக்கும் வைரஸ் போன்ற சில, எண்டோசோம் வழியே வந்தும் இதற்கு மசிவதில்லை.

இதன் பெயரிலேயே இதன் கதை இருக்கிறது. ‘இன்டர்ஃபெரானால் தூண்டப்படும், சவ்வை ஊடுருவி நிற்கும் புரதம்’ என்பதன் ஆங்கிலச் சுருக்கமே ஐஎஃப்ஐடிஎம். வைரஸ் தாக்கிய செல் அண்டை செல்களுக்கு அனுப்பும் எச்சரிக்கைப் பொருளான இன்டர்ஃபெரானை 1957இல் லண்டனில் ஐசக்ஸ், லிண்டன்மன் என்ற இருவர் கண்டறிந்தார்கள். அந்த எச்சரிக்கை கிடைத்ததும் செல்லில் நூற்றுக்கணக்கான மரபணுக்கள் விழித்துக்கொள்கின்றன. அப்படி விழித்துக்கொள்ளும் ஒரு சிறு குடும்பமாக ஐஎஃப்ஐடிஎம் மரபணுக்கள் 1984லேயே அடையாளம் காணப்பட்டுவிட்டாலும், அவை என்ன வேலை செய்கின்றன என்பது கால் நூற்றாண்டுக் காலம் யாருக்கும் சரியாக விளங்கவில்லை. பன்றிக்காய்ச்சல் உலகைச் சுற்றிய அதே 2009இல், அமெரிக்காவில் மனிதச் செல்களின் மரபணுக்களை ஒவ்வொன்றாக அடக்கிப் பார்த்த ஆய்வொன்றில்தான், இதை அடக்கியபோது இன்ஃப்ளூயன்சா பன்மடங்கு பெருகுவது தெரிந்தது. நம் ஊரில் எல்லோருக்கும் பழகிப்போன டெங்கு வைரஸையும் இந்தப் புரதம் தடுக்கிறது என்பது அதே ஆய்வில் வெளிப்பட்டது.

நூற்றுக்கணக்கான மரபணுக்கள் என்று நான் சொன்னதைத் தயவுசெய்து மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கதவு சற்றுத் தளர்ந்திருந்தாலும் வைரஸின் மரபுப்பொருளைத் துண்டாக்கும் புரதங்களும், அது புரதம் உண்டாக்கவிடாமல் தடுப்பவையும், உள்ளே வேறு வேறு இடங்களில் நிற்கின்றன. அதற்கும் மேலே, கிருமிகளைப் பிடிக்கும் எதிர்ப்புரதங்களும் (ஆன்டிபாடிகள்) வெள்ளையணுக்களும் இருக்கின்றன.

‘உயர் அபாயம்’ என்ற சொல் எங்கிருந்து வந்தது?

2012இல் வெளியான ஓர் ஆய்வில் இரண்டு செய்திகள் இருந்தன. இந்த மரபணுவே நீக்கப்பட்ட எலிகள், சாதாரணமாக லேசான நோயை மட்டும் தரும் இன்ஃப்ளூயன்சாவுக்கே கடுமையாக நோயுற்றன என்பது ஒன்று. பன்றிக்காய்ச்சல் காலத்தில் மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட 53 பேரைச் சோதித்தபோது, அவர்களில் ‘சிசி’ வகையினர், ஐரோப்பியப் பொதுமக்களில் இருப்பதைவிட விகிதத்தில் மிக அதிகமாக இருந்தார்கள் என்பது மற்றொன்று. ‘மிக அதிகம்’ என்றால் எத்தனை பேர் தெரியுமா? மூன்று பேர். 53 பேரில் மூன்று பேரை வைத்துக்கொண்டு ஒரு சந்தேகத்தைக் கிளப்பலாம். ஒரு பிள்ளையின் பெயருக்கு நேரே சிவப்பு எழுத்தில் எதையும் எழுதக் கூடாது.

அடுத்த ஆண்டு சீனாவிலிருந்து வந்த ஆய்வு அந்தச் சந்தேகத்துக்கு வலுச் சேர்த்தது. கடுமையாக நோயுற்றவர்களில் 69 சதவீதத்தினரிடமும், லேசாக நோயுற்றவர்களில் 25 சதவீதத்தினரிடமும் ‘சிசி’ வகை இருந்தது. இந்த 25 என்ற எண்ணைக் கொஞ்சம் நின்று பாருங்கள். சீனாவின் ஹான் மக்களில் ஏறத்தாழ நான்கில் ஒருவருக்கு இந்த வகை இயல்பாகவே இருக்கிறது. அதாவது உங்கள் மகனைப்போன்ற அமைப்போடு கோடிக்கணக்கானவர்கள் பிறந்து, பள்ளிக்குப் போய், வேலை பார்த்து, பேரன் பேத்தி எடுத்து வாழ்ந்துகொண்டிருக்கிறார்கள். ஆண்டுதோறும் ஃப்ளூவும் வந்து போகிறது. ஐரோப்பியரிடம் இது அரிது. இந்தியத் துணைக்கண்டத்தில் இரண்டுக்கும் இடைப்பட்ட அளவில் காணப்படுகிறது. கால்வாசி மக்களிடம் இயல்பாக இருக்கும் ஒன்றைக் ‘குறைபாடு’ என்று அழைப்பதை நான் ஏற்கமாட்டேன்.

பின்னர் ஐரோப்பிய நோயாளிகளிடம் நடந்த சில ஆய்வுகளில் இந்தத் தொடர்பு தென்படவில்லை. ‘சி’ வடிவம் இருந்தால் புரதத்தின் முதல் 21 அமினோ அமிலங்கள் இல்லாமல் போய், புரதம் குட்டையாகி, எண்டோசோமுக்குச் செல்லாமல் செல்லின் வெளிச்சவ்விலேயே தங்கிவிடும் என்பதுதான் முதலில் தரப்பட்ட விளக்கம். ஆனால் ‘சிசி’ அமைப்புள்ளவர்களின் செல்களை எடுத்துத் தேடிப் பார்த்தபோது, அப்படிக் குட்டையான புரதத்துக்கான செய்தி உருவாவதாகக் காணமுடியவில்லை என்று 2018இல் எழுதினார்கள். ஆகவே இன்றைய நிலையில் நியாயமாகச் சொல்லக்கூடியது இதுதான்: சில மக்களிடையே, ஃப்ளூ வந்த பிறகு அது கடுமையாகும் வாய்ப்பை இந்த வகை ஓரளவு கூட்டக்கூடும். ஃப்ளூ வருவதையே அது கூட்டுவதாகத் தெரியவில்லை. ஒரு தனிப்பட்ட குழந்தைக்கு என்ன நடக்கும் என்பதை இதை வைத்துச் சொல்ல முடியாது.

உங்கள் கடிதத்திலேயே இருக்கும் மூன்று காரணங்கள்

அறிக்கை உங்களுக்கு ஒரு காரணத்தைக் கொடுத்தது. உங்கள் கடிதத்தை இரண்டாம் முறை படித்தபோது எனக்கு வேறு மூன்று கிடைத்தன. ஐந்து வயதிலிருந்தே அவனுக்கு வீசிங் இருந்திருக்கிறது. நான்காம் பக்கத்தில், ஓர் அடைப்புக்குறிக்குள், ‘பழக்கமாகிவிடும் என்று சொன்னதால் இன்ஹேலரை எட்டு மாதமாக நிறுத்திவிட்டோம்’ என்று எழுதியிருக்கிறீர்கள். ஃப்ளூ தடுப்பூசி ஒருமுறைகூடப் போட்டதில்லை. மருத்துவமனைக்குப் போனது ஆறாம் நாள்.

இதைக் குற்றம் சாட்டுவதற்காக எழுதவில்லை. இன்ஹேலர் பழக்கமாகிவிடும் என்ற பயத்தை என் சொந்தக்காரர்களிடமே இன்னும் போக்க முடியாதவன் நான். ஆனால் மருத்துவ ரீதியில் எடைபோட்டால், கட்டுப்பாட்டில் இல்லாத ஆஸ்துமா, ஃப்ளூ கடுமையாவதற்கு உலகெங்கும் ஐயமின்றி ஏற்கப்பட்ட காரணம். ஐஎஃப்ஐடிஎம்3 வகையோ இன்னும் வாதத்தில் இருப்பது. முதலாவதை நாளையே சரிசெய்யலாம். இரண்டாவதை யாராலும் மாற்ற முடியாது. மூச்சின் வழியே நேராக நுரையீரலுக்குப் போகும் மருந்து மிகச் சிறிய அளவிலானது. அடிமைப்படுத்தும் தன்மை அதற்கு இல்லை. இந்த வாரமே மருத்துவரைப் பார்த்து அதை மீண்டும் தொடங்குவதைப் பற்றிப் பேசுங்கள்.

சொந்தத்தில் திருமணம் செய்ததால் வந்ததா?

இந்தக் கேள்விக்குக் கணக்குப் போட்டுத்தான் பதில் சொல்ல வேண்டும். ஏனென்றால் உறவுத் திருமணத்தால் ஆபத்தே இல்லை என்று நான் சொன்னால் அதுவும் பொய். விளக்கத்துக்காக, ஒரு மக்கள்தொகையில் இந்த மரபணுவின் 100 பிரதிகளில் 15, ‘சி’ வடிவம் என்று வைத்துக்கொள்வோம். உறவில்லாத தம்பதியரின் குழந்தைக்கு இரு பிரதிகளும் ‘சி’யாக அமையும் வாய்ப்பு 1000இல் 22 அல்லது 23. மாமன் மகனை மணந்தவரின் குழந்தைக்கு அது 1000இல் 30 அல்லது 31. வித்தியாசம் அவ்வளவே. பரவலாக இருக்கும் வடிவம், அயலில் பெண்ணெடுத்தாலும் வந்து சேரத்தான் செய்யும்.

அரிதான மரபணுக் கோளாறுகளில் கணக்கு தலைகீழாக மாறும். 1000 பிரதிகளில் ஒன்று மட்டுமே பழுதானது என்றால், உறவில்லாத தம்பதியரின் குழந்தைக்கு இரண்டும் பழுதாக அமையும் வாய்ப்பு பத்து லட்சத்தில் ஒன்று. மாமன் மகன், அத்தை மகள் தம்பதியருக்கு அது பத்து லட்சத்தில் ஏறத்தாழ 63. உறவுத் திருமணத்தைப் பற்றி மருத்துவர்கள் எச்சரிப்பது இந்த இரண்டாவது வகைக்காகவே. ஆகவே உங்கள் அத்தையிடம் நீங்கள் சொல்லக்கூடியது: உறவுத் திருமணத்தில் கவனம் வேண்டும் என்பது உண்மை, ஆனால் இந்த அறிக்கையில் வந்திருப்பதற்கு அது காரணம் அல்ல. (அந்தச் சம்பந்தத்தைப் பேசி முடித்ததே அத்தைதான் என்று நீங்கள் எழுதியிருப்பதை நான் படித்தேன். அதை அவரிடம் நினைவூட்டுவதும் நினைவூட்டாததும் உங்கள் விருப்பம்.)

உண்மையான குறைபாடு எப்படி இருக்கும்?

இன்டர்ஃபெரான் வழியிலேயே பெரும் பழுது உள்ள குழந்தைகள் உண்டு, மிகச் சிலர். ஃப்ளூவால் உயிருக்குப் போராடி மீண்ட பிரான்ஸ் நாட்டுக் குழந்தை ஒன்றுக்கு, இன்டர்ஃபெரான் பெருகக் காரணமான ஐஆர்எஃப்7 மரபணுவின் இரு பிரதிகளுமே பழுதாகியிருந்தது 2015இல் வெளியிடப்பட்டது. இரு பிரதிகளிலும் இருந்தவை வெவ்வேறு பழுதுகள். வேறு சில குழந்தைகளுக்கு இன்டர்ஃபெரானை உணரும் ஏற்பியே இல்லை. அவர்கள் பெரும்பாலும் வெளிப்படுவது தட்டம்மைத் தடுப்பூசி போட்ட பிறகுதான். அந்தத் தடுப்பூசியில் வலுக்குறைக்கப்பட்ட உயிருள்ள வைரஸ் இருப்பதால், மற்ற குழந்தைகள் பொதுவாகத் தாங்கும் அதை அவர்களால் தாங்க முடியாமல் போகிறது.

இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. உங்கள் மகனுக்குப் பிறந்தவுடன் பிசிஜி போட்டிருக்கிறீர்கள். 2017 பிப்ரவரியில் தமிழகம் முழுவதும் நடந்த தட்டம்மை, ரூபெல்லா முகாமிலும் போட்டிருக்கிறீர்கள். இரண்டும் உயிருள்ள கிருமிகளைக் கொண்ட தடுப்பூசிகள். இரண்டையும் ஒரு நாள் காய்ச்சல்கூட இல்லாமல் கடந்துவிட்டான் என்கிறீர்கள். எந்த உமிழ்நீர்ப் பரிசோதனையையும்விட எனக்கு அது பெரிய சான்று. அவனுடைய உடலுக்கு நிஜமான வைரஸை வைத்தே ஒரு தேர்வு நடந்திருக்கிறது, தேறியிருக்கிறான்.

இருந்தாலும் ஓராண்டில் இரண்டாம் முறை நிமோனியா வந்தாலோ, காதில் சீழ் திரும்பத் திரும்ப வந்தாலோ, மூளைக்காய்ச்சல் வந்தாலோ, நெருங்கிய உறவில் சிறு வயதில் தொற்றால் இறந்த குழந்தைகள் இருந்தாலோ, நோயெதிர்ப்புத் துறை வல்லுநர் ஒருவரிடம் காட்டத்தான் வேண்டும். அவர் இரத்த அணுக்களின் எண்ணிக்கையிலும் எதிர்ப்புரதங்களான இம்யூனோகுளோபுலின்களின் அளவிலும் தொடங்குவார். உறவுத் திருமணம் என்ற செய்தியை அங்கே மறைக்காமல் சொல்லுங்கள். ஒரே ஒருமுறை, அதுவும் கட்டுப்பாடற்ற ஆஸ்துமாவோடு வந்த நிமோனியாவுக்கு அந்தத் தேடல் இப்போது தேவைப்படுவதாக எனக்குத் தோன்றவில்லை.

தடுப்பூசி போடலாமா?

போட வேண்டும். உங்கள் உறவினர் சொன்னது, உண்மையான கடும் குறைபாடுள்ள குழந்தைகளுக்கு உயிருள்ள தடுப்பூசிகளைத் தருவதைப் பற்றிய எச்சரிக்கை. எங்கோ கேட்டதை இங்கே பொருத்திவிட்டார். நம் நாட்டில் ஊசியாகப் போடப்படும் ஃப்ளூ தடுப்பூசியில் இருப்பது செயலிழக்கச் செய்யப்பட்ட வைரஸ். அது பெருகாது, ஆகவே அதனால் ஃப்ளூ வராது. மூக்கில் தெளிக்கும் உயிருள்ள வகை ஆஸ்துமா உள்ளவனுக்கு வேண்டாம்.

இன்னொன்றையும் யோசியுங்கள். தடுப்பூசி உண்டாக்கும் எதிர்ப்புரதங்கள் வைரஸைப் பிடிப்பது வாசலுக்கு வெளியே, தெருவிலேயே. ஐஎஃப்ஐடிஎம்3 காப்பது ரேழியின் உள்கதவை. உள்கதவின் தாழ்ப்பாள்மேல் சந்தேகம் இருந்தால் வாசற்கதவைத் திறந்து போட்டுவிட்டு உட்கார்வோமா, இன்னும் நன்றாகச் சாத்துவோமா? ஒருவேளை அந்த ஆய்வுகள் முழுக்க உண்மை என்றே வைத்துக்கொண்டாலும், அவை தடுப்பூசிக்கு ஆதரவான வாதமே தவிர எதிரான வாதம் அல்ல.

11 வயதில் ஆண்டுக்கு ஒரு தவணை போதும். தமிழகத்தில் ஃப்ளூ அதிகமாகப் பரவுவது வடகிழக்குப் பருவமழையை ஒட்டி என்பதால், மழை தொடங்குவதற்குச் சில வாரங்கள் முன்பே போட்டுவிடுவது நல்லது. எதிர்ப்புரதம் பெருக ஏறத்தாழ இரண்டு வாரமாகும். அரசின் இலவசத் தடுப்பூசி அட்டவணையில் இது இல்லாததால் பணம் கொடுத்துத்தான் போட வேண்டியிருக்கும். மரபணுப் பரிசோதனைக்குச் செலவிட்டதைவிட நிச்சயம் குறைவாகவே ஆகும்.

அடுத்த முறை காய்ச்சலும் இருமலும் வந்தால் ஆறு நாள் காத்திருக்க வேண்டாம். ஃப்ளூவுக்கான ஓசெல்டாமிவிர் மருந்து, அறிகுறி தொடங்கிய 48 மணி நேரத்துக்குள் தொடங்கினால் நன்றாக வேலை செய்யும். அது தேவையா என்பதை மருத்துவர் முடிவுசெய்யட்டும், நீங்களாகக் கடையில் வாங்காதீர்கள். காய்ச்சலுக்குப் பாராசிட்டமால் போதும். ஆஸ்பிரின் குழந்தைகளுக்குக் கூடாது, ஃப்ளூவோடு சேரும்போது அது கல்லீரலையும் மூளையையும் தாக்கக்கூடும். மூச்சு வேகமாக வாங்கினாலோ, விலா எலும்புகளுக்கிடையே தோல் உள்ளிழுத்தாலோ, உதடு நீலம் பாரித்தாலோ, பிள்ளை எழுப்ப எழுப்பத் தூங்கி விழுந்தாலோ, விட்ட காய்ச்சல் மறுபடி ஏறினாலோ, நேராக மருத்துவமனைக்குச் செல்லுங்கள். பள்ளியை நிறுத்தவேண்டிய அவசியம் எதுவுமில்லை.

இன்டர்ஃபெரான் ஊசியும் கஷாயமும்

இன்டர்ஃபெரான், மஞ்சள்காமாலை வைரஸ்கள் போன்ற சிலவற்றுக்குச் சிகிச்சையாகப் பயன்பட்டு வந்திருக்கும் மருந்து. ஃப்ளூ வராமல் தடுக்க அதை மாதாமாதம் போடும் வழக்கம் மருத்துவத்தில் இல்லை. காய்ச்சல், உடல்வலி, மனச்சோர்வு, இரத்த அணுக்கள் குறைதல் ஆகியவை அதன் அறியப்பட்ட பக்கவிளைவுகள். வைரஸைத் தடுக்கும் இத்தகைய புரதங்கள் கூடக்கூட நல்லது என்ற எண்ணமும் சரியல்ல. 2019இல் வெளியான எலி ஆய்வு ஒன்றில், இன்டர்ஃபெரான் மிகுந்தபோது இதே ஐஎஃப்ஐடிஎம் புரதங்கள் நஞ்சுக்கொடியின் செல்கள் ஒன்றோடொன்று கலந்து உருவாவதையே தடுத்து, கருவுக்குக் கேடு செய்தன. வைரஸைத் தடுக்கச் சவ்வைக் கலக்கவிடாமல் வைக்கும் திறமை, கலக்கவேண்டிய இடத்தில் இடைஞ்சலாகிவிடுகிறது. உங்கள் கருவைப் பற்றிய எச்சரிக்கையாக இதை எடுத்துக்கொள்ளாதீர்கள். ‘எதிர்ப்புச் சக்தியைக் கூட்டும்’ என்று விற்கப்படுகிற எதையும் வாங்கும் முன் நினைத்துக்கொள்வதற்காகச் சொல்கிறேன். நிலவேம்புக் குடிநீர் இந்தப் புரதத்தைத் திருத்துவதாக எந்தச் சான்றும் இல்லை. கர்ப்ப காலத்தில் நீங்கள் அதை மருத்துவரைக் கேட்காமல் குடிக்க வேண்டாம்.

வயிற்றில் இருக்கும் குழந்தை

நீங்கள் முடிக்காமல் விட்ட வரிக்கு வருகிறேன். அடுத்த குழந்தைக்கும் இதே அமைப்பு வரலாம். நீங்களும் கணவரும் தலா ஒரு ‘சி’ பிரதி உடையவர்களாயின் வாய்ப்பு நான்கில் ஒன்று, ஒருவருக்கு இரு பிரதிகளும் ‘சி’யாக இருந்தால் இன்னும் கூடும். ஆனால் வந்தால் என்ன? ஹான் மக்களில் நான்கில் ஒருவருக்கு இருக்கும் அமைப்போடு ஒரு குழந்தை பிறக்கும். கருவைச் சோதிக்க நஞ்சுக்கொடியிலோ பனிக்குடத்திலோ ஊசி செலுத்த வேண்டியிருக்கும்; அதில் சிறிதளவாயினும் கருச்சிதைவு அபாயம் உண்டு. கருவிலிருக்கும் குழந்தையின் பாலினத்தைத் தெரிவிக்கத் தடை விதிக்கும் சட்டம் என்று நாம் அறிந்திருக்கும் 1994ஆம் ஆண்டுச் சட்டம், கருவைச் சோதிக்கும் காரணங்களையும் வரையறுத்திருக்கிறது. குரோமோசோம் கோளாறுகள், தலசீமியா போன்ற இரத்தக் கோளாறுகள், பிறவி ஊனங்கள் முதலியவை அதில் உண்டு. நோயே அல்லாத பரவலான ஒரு மரபணு வேறுபாட்டுக்கு அங்கே இடமில்லை. எனவே எந்தப் பொறுப்பான மருத்துவரும் இதற்காக உங்கள் கருவைச் சோதிக்கமாட்டார். கர்ப்பத்தைத் தொடர்வதைப் பற்றி மனம் தடுமாறும் அளவுக்கு இதில் மருத்துவக் காரணம் ஏதும் இல்லை என்பதை என் பெயரிலேயே வீட்டாரிடம் சொல்லுங்கள். உறவுத் திருமணத்தின் பொருட்டு உண்மையில் கேட்கவேண்டியது வேறு: தலசீமியாவுக்கான இரத்தப் பரிசோதனையும், ஐந்தாம் மாத ஸ்கேனும் தவறாமல் நடக்கிறதா என்று உங்கள் மகப்பேறு மருத்துவரிடம் கேளுங்கள்.

உங்கள் வீட்டில் இந்த மழைக்காலத்தில் ஃப்ளூவைப் பற்றி நான் முதலில் கவலைப்படும் ஆள் உங்கள் மகன் அல்ல, நீங்கள். கர்ப்பிணிகளுக்கு ஃப்ளூ கடுமையாகும் வாய்ப்புக் கூடுதல் என்பது பன்றிக்காய்ச்சல் காலத்தில் கண்கூடாகத் தெரிந்தது. செயலிழந்த வைரஸ் கொண்ட தடுப்பூசியைக் கர்ப்பத்தின் எந்த மாதத்திலும் போட்டுக்கொள்ளலாம். உலக சுகாதார நிறுவனமும் கர்ப்பிணிகளுக்கு அதைப் பரிந்துரைக்கிறது. ஆறு மாதம் நிறையாத குழந்தைக்கு ஃப்ளூ தடுப்பூசி போட முடியாது. அதுவரை அதைக் காப்பது நீங்கள் வயிற்றிலேயே கொடுத்தனுப்பும் எதிர்ப்புரதம். கணவருக்கும் சேர்த்தே போடுங்கள்.

அறிக்கையை என்ன செய்வது?

அறிக்கையைச் சித்தப்பா குடும்ப வாட்ஸ்அப் குழுவில் பகிர்ந்துவிட்டார் என்று எழுதியிருக்கிறீர்கள். அவர் நல்லெண்ணத்தில்தான் செய்தார். ஆனாலும் அதை நீக்கச் சொல்லுங்கள். அது ஒரு சிறுவனின் அந்தரங்கம். அவன் பெரியவனாகித் தன் உடம்பைப் பற்றி யாரிடம் எதைச் சொல்ல வேண்டும் என்று முடிவுசெய்யும் உரிமையை இப்போதே முப்பது பேர் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். நிறுவனத்திடம் எஞ்சிய மாதிரியையும் தரவையும் அழிக்கும்படி எழுத்து மூலம் கேளுங்கள்.

காப்பீடு கிடைக்காமல் போகுமோ என்று கேட்டிருந்தீர்கள். மருத்துவக் காப்பீட்டில் மரபணு நோய்களை ஒட்டுமொத்தமாக விலக்கும் நிபந்தனையை, காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையத்தின் 2019ஆம் ஆண்டு வழிகாட்டுதல் அனுமதிக்கவில்லை. உங்கள் மகனுக்கு இருப்பது மரபணு நோயும் அல்ல. ஆனால் ஆஸ்துமாவையும், சென்ற ஆண்டு மருத்துவமனையில் சேர்த்ததையும் விண்ணப்பத்தில் மறைக்காதீர்கள். பின்னாளில் சிக்கலாவது அந்த மறைப்புதான்.

மருத்துவரிடம் போகும்போது மருத்துவமனையின் விடுவிப்புச் சுருக்கத்தையும், தடுப்பூசி அட்டையையும், பழைய இன்ஹேலரையும் எடுத்துச் செல்லுங்கள். அவன் அதை எப்படி இழுக்கிறான் என்று மருத்துவர் முன்னாலேயே ஒருமுறை செய்துகாட்டச் சொல்லுங்கள். தவறாக இழுத்தால் மருந்து நுரையீரலுக்குப் போகாமல் தொண்டையிலேயே தங்கிவிடும். மரபணு அறிக்கையை அவர் கேட்டால் மட்டும் காட்டினால் போதும்.